சாத்தானா, வால்வா?

1969 அக்டோபர் 16. பர்மிங்ஹாமிலிருந்து வந்த நான்கு இளைஞர்கள் லண்டனின் ரீஜென்ட் சவுண்ட் ஸ்டுடியோவுக்குள் தங்கள் வாத்தியங்களை இறக்கி வைத்தார்கள். கிட்டாருக்கு டோனி அயோமி, பேஸ் கிட்டாருக்கு கீசர் பட்லர், டிரம்ஸுக்கு பில் வார்ட், குரலுக்கு ஓஸி ஆஸ்போர்ன். நால்வருக்கும் இருபது, இருபத்தொரு வயதுதான். ஸ்டுடியோவில் இருந்தது நான்கு தடங்கள் மட்டுமே கொண்ட ஒரு டேப் மெஷின். மேடையில் எப்படி வாசிப்பார்களோ அப்படியே வாசித்தார்கள். ஒரே நாளில் வேலை முடிந்தது. தயாரிப்பாளர் ராட்ஜர் பெய்ன், தொடக்கத்தில் கேட்கும் மழையையும் இடியையும் தேவாலய மணியையும் பிறகு சேர்த்தார்.

1970 பிப்ரவரி 13, வெள்ளிக்கிழமை அன்று அந்த ஆல்பம் பிரிட்டனில் வெளியானது. குழுவின் பெயர் பிளாக் சாபத். ஆல்பத்தின் பெயரும் அதுவே, முதல் பாடலின் பெயரும் அதுவே. விமர்சகர்கள் திட்டித் தீர்த்தார்கள். மக்கள் வாங்கினார்கள்: பிரிட்டிஷ் பட்டியலில் 8ஆம் இடம், அமெரிக்காவில் 23. இன்று ஹெவி மெட்டல் எங்கே தொடங்கியது என்று கேட்டால் பெரும்பாலோர் இந்த ஆல்பத்தைத்தான் காட்டுகிறார்கள்.

அந்த முதல் பாடல் ஏன் பயமுறுத்துகிறது என்பதுதான் இந்தக் கட்டுரையின் கேள்வி. அதற்கு ஒரு தயார்ப் பதில் ஊரெல்லாம் சுற்றிக்கொண்டிருக்கிறது. அதில் "சாத்தானின் சுரம்" என்றொரு பாத்திரம் வரும். மத்தியகாலத் தேவாலயம் அந்தச் சுரத்தைத் தடைசெய்து வைத்திருந்தது, பிளாக் சாபத் அதை அவிழ்த்துவிட்டது என்று கதை போகும். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் இயற்பியல் சொல்லும் கதை இதைவிடச் சுவையானது.

முதலில் அந்தச் சுரம் எது என்று பார்த்துவிடலாம். பட்லருக்கு குஸ்டாவ் ஹோல்ஸ்டின் "கோள்கள்" இசைத்தொகுப்பில் வரும் செவ்வாய்ப் பகுதி மிகவும் பிடிக்கும். அதை அவர் பேஸில் வாசித்துக்கொண்டிருந்ததை அயோமி கேட்டார். அதையொட்டித் தன் ரிஃபை, அதாவது திரும்பத் திரும்ப வரும் சிறு இசைத்துணுக்கை, உருவாக்கினார். கீழ் ஜி, அதன் மேல்ஸ்தாயி ஜி, பிறகு நடுவில் நடுங்கிக்கொண்டே நிற்கும் ஒரு சி ஷார்ப். அவ்வளவுதான். ஸ்தாயியைக் கணக்கில் எடுக்காவிட்டால் மொத்தம் இரண்டே சுரங்கள். ஜியிலிருந்து சி ஷார்ப் ஆறு அரைச்சுரத் தொலைவு. அதாவது பன்னிரண்டு அரைச்சுரங்கள் கொண்ட ஸ்தாயியைச் சரிபாதியாக வெட்டும் இடம். இந்த இடைவெளிக்கு ட்ரைடோன் என்று பெயர். அதிர்வெண்களின் விகிதம் இரண்டின் வர்க்கமூலம், ஏறத்தாழ 1.414.

தேவாலயத் தடை என்பது பெரும்பாலும் கட்டுக்கதை. பாடகர்கள் இந்த இடைவெளியைத் தவிர்த்தது உண்மை. அதைச் சரியாகப் பாடுவது கடினம், அக்காலச் சேர்ந்திசை விதிகளுக்கும் அது ஒத்துவரவில்லை. ஆனால் அதைப் பாடியதற்காக யாரையும் தண்டித்ததற்குச் சான்று இல்லை. "இசையில் சாத்தான்" என்ற லத்தீன் சொற்றொடர்கூட நமக்குத் தெரியவருவது பதினெட்டாம் நூற்றாண்டின் இசை இலக்கண நூல்களில்தான். அங்கேயும் அது மாணவனை எச்சரிக்கும் ஆசிரியரின் நையாண்டி.

அப்படியென்றால் அந்த இடைவெளியில் ஒன்றுமே இல்லையா? இருக்கிறது. 1863இல் ஜெர்மானிய அறிவியலாளர் ஹெர்மன் ஹெல்ம்ஹோல்ட்ஸ் அதைக் கணக்காக விளக்கினார். ஒரு தந்தியைத் தட்டினால் ஒரே ஓர் அதிர்வெண் மட்டும் வருவதில்லை. கீழ் ஜி என்றால் 98 ஹெர்ட்ஸ். கூடவே அதன் மடங்குகளான 196, 294, 392 என்று மேற்சுரங்களும் எழும். அதோடு டி என்ற சுரத்தைச் சேர்த்தால், அதன் 147 ஹெர்ட்ஸின் இரண்டாம் மடங்கும் 294. இரண்டு தந்திகளின் மேற்சுரங்களும் ஒன்றன்மேல் ஒன்று அச்சாகப் பொருந்துகின்றன. நம் காது அதை இனிமை என்கிறது. இந்த ஜி-டி ஜோடிதான் நம் ஷட்ஜம-பஞ்சமம்.

இப்போது டியை அரைச்சுரம் இறக்கி சி ஷார்ப் ஆக்குங்கள். 138.6 ஹெர்ட்ஸ். இரண்டாம் மடங்கு 277. பக்கத்திலேயே ஜியின் 294 நிற்கிறது. இடையே 17 ஹெர்ட்ஸ் வித்தியாசம். இவ்வளவு நெருக்கமான இரண்டு அதிர்வெண்களை உள்காது தனித்தனியாகப் பிரிக்க முடியாமல் திணறுகிறது. அவை கூடியும் குறைந்தும் விநாடிக்குப் பதினேழு முறை விம்முகின்றன. விம்மல் மெதுவாக இருந்தால் அலை ஏறி இறங்குவதுபோல் இதமாக இருக்கும். பதினேழு, இருபது, முப்பது என்று போனால் கரகரப்பாகிவிடும். ஹெல்ம்ஹோல்ட்ஸ் இந்தக் கரகரப்பையே அபசுரத்தின் வேர் என்றார்.

ஆனால் அயோமியின் ரிஃபில் ஜியும் சி ஷார்ப்பும் ஒரே சமயத்தில் ஒலிக்கவில்லை. ஒன்றன்பின் ஒன்றாக வருகின்றன. ஜியை மூளை நினைவில் வைத்துக்கொண்டு சி ஷார்ப்பை அதனோடு ஒப்பிடுகிறது. அந்த ஒப்பீடு எவ்வளவு தூரம் பிறவியிலேயே வந்தது, எவ்வளவு தூரம் பழக்கம்?

இதற்கு 2016இல் ஒரு நல்ல விடை கிடைத்தது. மேற்கத்திய இசை அதிகம் எட்டாத பொலிவியக் காடுகளில் வாழும் சிமானே மக்களிடம், ஜோஷ் மெக்டெர்மட் தலைமையிலான குழு இன்னிசை ஜோடிகளையும் அபசுர ஜோடிகளையும் போட்டுக் காட்டியது. அவர்களுக்கு இரண்டும் சம அளவில்தான் பிடித்திருந்தன. ட்ரைடோன் போன்ற இடைவெளிகள் அவர்களை முகம் சுளிக்க வைக்கவில்லை. ஆனால் கரகரப்பான ஒலிகள் மட்டும், மற்ற எல்லோரையும் போலவே, அவர்களுக்கும் பிடிக்கவில்லை.

நம்மூர்க்காரர்களுக்கு இதை நிரூபிக்க பொலிவியா வரை போக வேண்டியதில்லை. ஷட்ஜமத்திலிருந்து ஆறு அரைச்சுரம் தள்ளி நிற்பது பிரதி மத்யமம். 72 மேளகர்த்தாக்களில் பிற்பாதி 36ம் அதைத் தாங்கியே நிற்கின்றன. கல்யாணியில் அது இருக்கிறது. கல்யாண வீட்டில் நாதஸ்வரக்காரர் கல்யாணியை எடுத்தால் யாரும் சாத்தானை நினைப்பதில்லை, பந்தியை நினைப்பார்கள். கல்யாணியில் அந்த மத்யமத்துக்கு அக்கம்பக்கம் உண்டு; கீழே காந்தாரம், மேலே பஞ்சமம் என்று போகவும் வரவும் வீடுகள் இருக்கின்றன. அயோமி அந்த வீடுகளையெல்லாம் இடித்துவிட்டு, இரண்டு சுரங்களை மட்டும் வெட்டவெளியில் நிறுத்தினார். பிறகு அவற்றுக்கு இடையே பில் வார்ட் அவசரமே படாமல் இடம்விட்டு அடித்தார்.

ஆக, இடைவெளி பாதிக் கதைதான். மீதிப் பாதி கரகரப்பில் இருக்கிறது. அது ஆம்ப்ளிஃபையரிலிருந்து வந்தது.

அயோமி பயன்படுத்தியது லேனி என்ற, பர்மிங்ஹாமிலேயே 1967இல் தொடங்கிய நிறுவனத்தின் வால்வு ஆம்ப்ளிஃபையர். வெற்றிடக் கண்ணாடிக் குழாய்க்குள் எலக்ட்ரான்களை ஓட்டி ஒலிச் சைகையைப் பெருக்கும் பழைய நுட்பம். எந்த வால்வுக்கும் ஓர் உச்சவரம்பு உண்டு. மின்வழங்கி கொடுப்பதற்கு மேல் அதனால் கொடுக்க முடியாது. அயோமி கிட்டாருக்கும் ஆம்ப்ளிஃபையருக்கும் நடுவில் ட்ரெபிள் பூஸ்டர் என்ற சிறு பெட்டியை வைத்து, சைகையை முன்கூட்டியே ஊதிப் பெருக்கி உள்ளே தள்ளினார். அலையின் முகடுகள் தாழ்வான கூரையில் தலை இடித்ததுபோல் தட்டையாகிவிட்டன.

தட்டையான அலை சாதாரண விஷயமல்ல. எந்த அலையையும் எளிய சைன் அலைகளின் கூட்டாக எழுதலாம் என்று பிரெஞ்சுக் கணிதவியலாளர் ஃபூரியே காட்டினார். முகடு வழவழப்பாக இருந்தால் சில சைன் அலைகள் போதும். கூர்மையான விளிம்பு வேண்டுமென்றால் மேலும் மேலும் உயர்ந்த மடங்குகள் தேவை. எனவே முகட்டை வெட்டும் ஒவ்வொரு வெட்டும், தந்தியில் இல்லாத புதிய மேற்சுரங்களைப் பிறப்பிக்கிறது. கூடவே இன்னொரு லாபமும் உண்டு. முகடுகளை வெட்டுவதால் ஓங்கிய ஒலிக்கும் ஓய்ந்துவரும் ஒலிக்கும் இடையிலான வித்தியாசம் குறைந்துவிடுகிறது. தட்டிய சுரம் சீக்கிரம் சாகாமல் நீள்கிறது. இவ்வளவு மெதுவான ரிஃப் வெறுமையாகத் தொங்காமல் நின்றதற்கு அதுவே காரணம். இந்தத் திரிபு (டிஸ்டார்ஷன்) இல்லாத கிட்டாரில் அதே ரிஃபை அதே வேகத்தில் வாசித்துப் பாருங்கள், பரிதாபமாக இருக்கும்.

இரண்டு சுரங்களைச் சேர்த்துத் தட்டும்போதுதான் உண்மையான வித்தை நடக்கிறது. நேர்மையான ஆம்ப்ளிஃபையர் இரண்டையும் தனித்தனியே பெருக்கும். திணறும் வால்வு அவற்றைக் கலக்கும். இரண்டின் கூட்டலும் கழித்தலும் புதிய அதிர்வெண்களாக வெளியே வரும். ஜி 98, டி 147 என்று எடுத்துக்கொள்வோம். கழித்தால் 49. கூட்டினால் 245. ஜியின் இரட்டிப்பிலிருந்து டியைக் கழித்தால் மறுபடியும் 49. எல்லாமே 49இன் மடங்குகள். 49 ஹெர்ட்ஸ் என்பது கீழ் ஜிக்கும் ஒரு ஸ்தாயி கீழே இருக்கும் ஜி. தந்தியில் யாரும் தட்டாத, கிட்டாரில் இல்லவே இல்லாத ஒரு ஆழ்சுரம் வால்வுக்குள் பிறக்கிறது.

கிட்டார் ஸ்பீக்கரால் 49 ஹெர்ட்ஸைப் பலமாக வெளியிட முடியாது என்று தெரிந்தவர்கள் ஆட்சேபிக்கலாம். சரிதான். ஆனால் 98, 147, 196, 245 என்று நாற்பத்தொன்பது விட்டு நாற்பத்தொன்பதாக ஒரு வரிசை காதில் விழுந்தால், அதன் அடிச்சுரம் 49ஆகத்தான் இருக்க வேண்டும் என்று மூளை தானே முடிவுகட்டி அதைக் "கேட்டு"விடுகிறது. காணாமல்போன அடிச்சுரம் என்று ஒலியியலில் இதைச் சொல்வார்கள். போதாக்குறைக்கு, கீசர் பட்லர் அதே ரிஃபை பேஸில் அதே ஆழத்தில் வாசித்துக்கொண்டிருந்தார். முன்பு கிட்டார் வாசித்துவிட்டு பேஸுக்கு மாறியவர் அவர். தாளத்துக்குத் துணை நிற்பதைவிட அயோமியின் கிட்டாரை நிழல்போல் தொடர்வதே அவருக்கு இயல்பாக வந்தது. மூளை கற்பித்த சுரத்தின் மேல் உண்மையான சுரம் வந்து உட்கார்ந்தது. "ஹெவி" என்று எல்லோரும் சொல்லும் அந்தப் பாரம் இதுதான்.

இதே சோதனையை ஜி, பி என்ற காந்தார ஜோடியில் செய்தால்? 98, 123.5. கழித்தால் 25.5, கூட்டினால் 221.5, இன்னொரு கழித்தலில் 72.5. எதுவும் எதோடும் சரியாகப் பொருந்தவில்லை, சேறு. அதனால்தான் ராக் கிட்டாரிஸ்டுகள் திரிபை ஏற்றியதும் காந்தாரத்தைக் கைவிட்டு, ஷட்ஜம-பஞ்சமத்தை மட்டும் பிடிக்கும் "பவர் கார்ட்"டுக்கு வருகிறார்கள். இது ரசனை மாத்திரமல்ல, கணக்கு.

பவர் கார்டுக்கு இரண்டு விரல் போதும். இங்கேதான் அயோமியின் கை வருகிறது.

1965இல், பதினேழு வயதில், அவர் ஒரு தகரத் தொழிற்சாலையில் வெல்டிங் வேலை பார்த்தார். இசைக்குழுவோடு ஜெர்மனி போகப்போகிறார். வேலையில் அது கடைசி நாள். அன்று ஆள் வராததால் பழக்கமில்லாத ஒரு பிரஸ் மெஷினில் நிறுத்தினார்கள். இயந்திரம் வலது கையின் நடுவிரல், மோதிரவிரல் நுனிகளை எடுத்துவிட்டது. இடதுகைப் பழக்கக்காரரான அவருக்குத் தந்தியை அழுத்தும் கை அதுதான். இனி கிட்டார் இல்லை என்று மருத்துவர்கள் சொன்னார்கள். தொழிற்சாலை மேலாளர் ஒரு இசைத்தட்டோடு பார்க்க வந்தார். வாசித்தவர் ஜாங்கோ ரைன்ஹார்ட். 1928இல் தீ விபத்தில் கை கருகி, இடது கையின் இரண்டு விரல்களை மட்டுமே முதன்மையாகக் கொண்டு ஐரோப்பிய ஜாஸின் உச்சத்துக்குப் போனவர்.

அயோமி ஃபேரி லிக்விட் என்ற பாத்திரம் கழுவும் சோப்புத் திரவத்தின் பிளாஸ்டிக் பாட்டிலை உருக்கி, விரல்நுனிக்கு உறை செய்துகொண்டார். தந்தி வழுக்காமலிருக்கப் பழைய தோல் ஜாக்கெட்டிலிருந்து வெட்டிய துண்டை அதன்மேல் ஒட்டினார். உறைக்குள் இருக்கும் விரலுக்குத் தந்தி எங்கே இருக்கிறது என்று தெரியாது. காதைக் கொண்டுதான் அறிய வேண்டும். அழுத்தினால் வலிக்கவும் செய்தது. எனவே தந்தியை இலேசாக்கினார். மெல்லிய தந்திக் கட்டு அப்போது கடைகளில் சுலபமாகக் கிடைக்காததால் பாஞ்சோ தந்திகளைக் கொண்டு சமாளித்தார்.

இதன் பின்னாலிருக்கும் விதியை 1636இல் மாரன் மெர்சென் என்ற பிரெஞ்சுத் துறவி எழுதிவிட்டார். ஒரே நீளம், ஒரே சுரம் என்றால் தந்திக்குத் தேவையான இழுவிசை அதன் விட்டத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது. அங்குலத்தில் ஆயிரத்தில் பத்து தடிமனுள்ள தந்திக்குப் பதில் எட்டு போட்டால், தடிமன் ஐந்தில் ஒரு பங்குதான் குறைகிறது. இழுவிசையோ 64 சதவீதத்துக்கு இறங்குகிறது. வெட்டுப்பட்ட விரலுக்கு மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் ஆறுதல்.

இங்கே ஒரு தவறான செய்தியைத் திருத்த வேண்டும். இந்த முதல் ஆல்பத்திலேயே அயோமி தந்திகளைத் தளர்த்திச் சுரத்தை இறக்கிவிட்டார் என்று பலர் எழுதுகிறார்கள். இல்லை. இதில் கிட்டார் வழக்கமான சுருதியில்தான் இருக்கிறது. மூன்று அரைச்சுரம் இறக்கியது 1971இல் வந்த மூன்றாவது ஆல்பமான "மாஸ்டர் ஆஃப் ரியாலிட்டி"யில். அப்படி இறக்கினால் இழுவிசை மேலும் 29 சதவீதம் குறையும். தந்தி தொளதொளவென்று அகலமாக ஆடும். பின்னாளில் டூம் மெட்டல் என்று கிளைத்த வகைக்கு விதை அங்கே இருக்கிறது. முதல் ஆல்பத்தின் பாரம் முழுக்க முழுக்க நிதானமும் வால்வும் சேர்ந்து செய்தது.

விரல் துண்டானதால் ஹெவி மெட்டல் பிறந்தது என்று ஒரே வரியில் முடிப்பதும் எனக்கு உவப்பில்லை. 1964இலேயே கிங்ஸ் குழுவின் டேவ் டேவிஸ் ஸ்பீக்கர் காகிதத்தை பிளேடால் கிழித்துத் திரிபை வரவழைத்திருந்தார். ஹெண்ட்ரிக்ஸ், கிரீம் எல்லாம் முன்னமே இருந்தார்கள். லெட் ஸெப்பலினின் முதல் ஆல்பம் 1969 ஜனவரியில் வந்துவிட்டது. பொருட்கள் எல்லாம் கடையில் இருந்தன. மற்றவர்கள் அந்த ஒலியை வைத்து ப்ளூஸை வேகமாக வாசித்தார்கள். இவர்கள் நிறுத்தி, நிதானமாக, பயமுறுத்துவதற்கென்றே வாசித்தார்கள். என் பார்வையில் புதுமை அதுதான்.

அந்தப் பயத்துக்கும் உடலியல் உண்டு. விலங்குகள் ஆபத்தில் கத்தும்போது குரல்நாண் தன் வரம்பை மீறி, ஒழுங்கிழந்து அதிர்கிறது. மர்மோட் என்னும் மலைவாழ் அணிலினக் குட்டிகளின் அலறல்களை ஆராய்ந்த டேனியல் பிளம்ஸ்டீன், அதே ஒழுங்கின்மை திகில் படங்களின் ஒலியிலும் வேண்டுமென்றே கையாளப்படுவதைக் காட்டினார். 2015இல் லுக் ஆர்னல், டேவிட் போப்பல் முதலியோர் மனித அலறலை அளந்தார்கள். சாதாரணப் பேச்சின் ஒலியளவு விநாடிக்கு நாலைந்து முறைதான் ஏறி இறங்கும்; அலறல் விநாடிக்கு 30 முதல் 150 முறை துடிக்கிறது. அந்தத் துடிப்பு மூளையில் அச்சத்தைக் கையாளும் அமிக்டலாவை எழுப்புகிறது. வரம்பு மீறிய குரல்நாணும் வரம்பு மீறிய வால்வும் செய்வது ஏறத்தாழ ஒரே காரியம். கிட்டாரின் மொழி தெரியாத காதுக்கும் அது புரிந்துவிடுகிறது.

ஆல்பத்தின் அட்டைக்கும் பயமுறுத்தும் இதே குணம். ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் மேப்பிள்டரம் என்ற ஊரின் பழைய நீர்ச்சக்கர ஆலை, முன்னால் கறுப்பு அங்கியில் ஒரு பெண். ஆனால் புல்லும் புதரும் நோய்பிடித்த இளஞ்சிவப்பில் இருக்கின்றன. புகைப்படக்காரர் கீத் மக்மில்லன் கோடாக்கின் அகச்சிவப்பு வண்ணச் சுருளைப் பயன்படுத்தினார். இலை நம் கண்ணுக்குப் பச்சை. ஆனால் கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பை அதைவிடப் பலமடங்கு எதிரொளிக்கிறது. அந்தச் சுருள் அகச்சிவப்பைச் சிவப்பாக மாற்றிக் காட்டும். காட்டுக்குள் பச்சைச் சாயம் பூசி ஒளித்து வைத்த ராணுவத் தளவாடத்தை வானிலிருந்து கண்டுபிடிக்கும் உத்தி அது. உயிருள்ள இலை சிவக்கும், சாயம் சிவக்காது.

நால்வரும் வளர்ந்த, பர்மிங்ஹாமின் ஆஸ்டன் பகுதி இரும்பும் பட்டறையுமாக இருந்த இடம். ஓஸி கசாப்புக்கூடத்தில் வேலை பார்த்திருக்கிறார், கார் ஹாரன்களுக்குச் சுருதி சேர்க்கும் வேலையும் பார்த்திருக்கிறார். 2025 ஜூலை 5 அன்று அதே ஆஸ்டனில் உள்ள வில்லா பார்க் மைதானத்தில் நால்வரும் கடைசியாக ஒன்றுகூடி வாசித்தார்கள், இந்த முதல் ஆல்பத்திலிருந்து "என்.ஐ.பி." ஒலித்தது. பதினேழு நாளில் ஓஸி மறைந்தார்.

இந்த ஆல்பத்தைக் கேட்காதவர்கள் ஒருமுறை கேட்டுப் பாருங்கள். கைபேசி ஸ்பீக்கரில் வேண்டாம். அதில் 98 ஹெர்ட்ஸ்கூட ஒழுங்காக வராது, மூளைதான் பாவம் எல்லாவற்றையும் கற்பனை செய்ய வேண்டியிருக்கும். நல்ல ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு, முதல் பாடலின் கடைசிப் பகுதியில் தாளம் சட்டென்று வேகமெடுக்கும் இடம் வரை பொறுத்திருங்கள். "வார்னிங்" பாட்டின் நீண்ட கிட்டார் தனியாவர்த்தனத்தை முழுசாகக் கேட்க வேண்டும் என்று கட்டாயமில்லை. எனக்கே அது கொஞ்சம் அதிகம்தான்.